அசலைப் பார்த்தவள்

செந்தில், இந்தக் கடிதத்தை ஆபீஸில் பிரிக்காதே. ரூமுக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு படி. போனிலேயே சொல்லிவிடலாம் என்று மூன்று முறை உன் எண்ணை அழுத்தினேன். நீ "சொல்லும்மா" என்றதும், சாப்பிட்டாயா, இருமல் விட்டதா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன். எழுதினால் நீ குறுக்கே பேச முடியாது, நானும் பேச்சை மாற்ற முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

சித்திரையில் உனக்கும் நிவேதாவுக்கும் நிச்சயம் முடிந்த மறுநாள், ஊருக்குக் கிளம்பும்போது வாசலில் ஷூ மாட்டிக்கொண்டே நீ ஒன்று சொன்னாய். "அம்மா, கல்யாணத்துல அப்பா எடத்துல தண்டபாணி மாமாதான் ஒக்காரணும். அவரு இல்லன்னா நான் இன்ஜினியரே ஆயிருக்க மாட்டேன். பத்திரிக மொதல்ல அவருக்குத்தான் வைக்கணும்." நான் சரி என்று தலையை ஆட்டினேன். உன் பஸ் போன பிறகு நடு வீட்டில் அப்படியே உட்கார்ந்திருந்தேன். சிதம்பரத்தில் அவர் வீட்டு மாடி அறையில் நீ நான்கு வருடம் இருந்து படித்தாய். வாடகை வாங்கவில்லை. பொங்கலுக்கு உனக்குத் துணிகூட எடுத்துக் கொடுத்தார். அவரை நீ தெய்வம் மாதிரி நினைப்பதில் உன் தப்பு ஒன்றும் இல்லை. அந்த அறை எதற்காக வந்தது என்பதை நான்தான் உன்னிடம் மறைத்தேன்.

அப்பா போனபோது நீ ஆறாவது படித்துக்கொண்டிருந்தாய். கடலூரில் கோர்ட்டுக்கு எதிரே அவர் நடத்திவந்த ஜெராக்ஸ் கடையை நான் எடுத்துக்கொண்டேன். பிளஸ் டூ வரை படித்தவள், மிஷினைத் தொட்டதே இல்லை. ஒரே மாதத்தில் பழகிவிட்டேன். பள்ளிக்கூடம் விட்டு நீ நேராகக் கடைக்கு வருவாய். பழுதான காப்பிகளை ஒரு அட்டைப்பெட்டியில் போட்டு வைப்பேன். அவற்றின் பின்பக்கத்தில் நீ கணக்குப் போடுவாய். ஒவ்வொரு தாளிலும் மேல் ஓரத்தில் தேதி போட வேண்டும் என்று உங்கள் கணக்கு சார் சொல்லியிருந்ததால், கடையில் போடும் கணக்குக்கும் தேதி போடுவாய், மறுநாள் அவரிடம் காட்டி டிக் வாங்கி வருவாய். அது எனக்குப் பெருமையாக இருக்கும். வருகிறவர்களிடம் எல்லாம் காட்டுவேன்.

ஒன்பதாவதில் நீ செய்ததும் நினைவிருக்கும். நான் சாப்பிடப் போன நேரத்தில் ரேங்க் கார்டில் ஒரு துண்டுத் தாளை ஒட்டி, முப்பத்தொன்றை எண்பத்தொன்றாக்கி, அதை ஜெராக்ஸ் எடுத்து என்னிடம் நீட்டினாய். கார்டு ஸ்கூலிலேயே இருக்கிறது, காப்பிதான் கொடுத்தார்கள் என்றாய். ஒட்டிய தாளின் ஓரம் நிழலாக விழுந்திருந்தது. கடையில் நாலு பேர் இருக்கும்போதே உன்னை அறைந்தேன். கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ஹெட்மாஸ்டர் முன்னால் நிறுத்தினேன். "நான்தான் சார் மாத்துனேன்" என்று நீ சொல்லும்வரை விடவில்லை. அன்று வீட்டுக்குத் திரும்பும்போது, பொய் சொல்லி நிமிர்வதைவிட உண்மையைச் சொல்லி ஃபெயிலாகப் போ என்று ரோட்டிலேயே உன்னிடம் பேசிக்கொண்டு வந்தேன். அந்தப் பேச்சை இப்போது நினைத்தால் என் முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

அதற்கு முந்தின வருடம், நீ எட்டாவதில் இருந்தபோது, ஒரு நாள் மத்தியானம் மூன்று பேர் கடைக்கு வந்தார்கள். அண்ணன் தண்டபாணி, தம்பி முருகவேல், தம்பி மனைவி அஞ்சலை. பண்ருட்டி போகும் சாலையில் அவர்கள் ஊர். அவர்கள் அப்பா விட்டுப்போன இரண்டு ஏக்கர் சொச்சத்தை அண்ணனும் தம்பியும் பிரித்துக்கொண்டு கூர்சீட்டு எழுதியிருந்தார்கள். பதிவு ஆபீசுக்குப் போகாமல், பிரித்தது பிரித்தபடி யாருக்கு எது என்று வீட்டிலேயே எழுதிக் கையெழுத்துப் போட்டுக்கொள்ளும் காகிதம் அது. ரோட்டை ஒட்டிய கிழக்குப் பக்கமும் கிணறும் அண்ணனுக்கு. பலாவும் முந்திரியும் நிற்கும் மேற்குப் பக்கத்து ஒரு ஏக்கர் தம்பிக்கு. நீளமான தாள் என்பதால் முதல் காப்பியில் அடியில் இருந்த கையெழுத்து பாதியில் வெட்டுப்பட்டுவிட்டது. தண்டபாணிதான் அதைக் கண்டுபிடித்தார். "யம்மா, கையெழுத்து வுழலியே. கையெழுத்து இல்லன்னா அது இன்னாத்துக்கு ஆவும்?" என்றார். நான் எழுத்தைச் சின்னதாக்கி இன்னொன்று எடுத்தேன். வெட்டுப்பட்டதை அட்டைப்பெட்டியில் போட்டேன். தண்டபாணி காப்பியைத் தம்பியிடம் கொடுத்தார். "இத நீ வச்சிக்கடா. அசலு நம்ம வூட்டு பீரோவுல இருக்கட்டும்" என்றார். முருகவேல் அதைப் படித்துக்கூடப் பார்க்கவில்லை. மடித்துப் பெண்டாட்டியிடம் கொடுத்தான். அவள்தான் நின்று நிதானமாக எழுத்துக் கூட்டிப் படித்து, "மேக்காலன்னு போட்டுருக்குதா, சரி" என்று சொல்லிவிட்டுப் பைக்குள் வைத்தாள்.

இரண்டு வருடம் கழித்து முருகவேல் பலா மரத்திலிருந்து விழுந்து இறந்துவிட்டான். கருமாதி முடிந்து சில மாதங்களில் தண்டபாணி மேற்குப் பக்கத்தையும் சேர்த்து வேலி போட்டார். பிரிக்கவே இல்லை, பட்டா என் பெயரில்தான் இருக்கிறது, தம்பி என்னிடம் வேலை செய்தான் என்று சொல்லிவிட்டார். அஞ்சலை கடலூர் கோர்ட்டில் கேஸ் போட்டாள். அவள் கையில் இருந்தது நான் எடுத்துக் கொடுத்த ஒரு காப்பி மட்டும்தான்.

நீ பிளஸ் டூ பரீட்சை எழுதி முடித்திருந்தாய். அஞ்சலையின் வக்கீலம்மா ஒரு நாள் கடைக்கு வந்து, ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு எனக்கு விளக்கினார். "ஜெராக்ஸ கோர்ட்டு அப்படியே எடுத்துக்காதும்மா. அசலுன்னு ஒண்ணு இருந்துச்சு, அது எதிராளி கையில இருக்குது, நோட்டீஸ் குடுத்துக் கேட்டும் அவரு தரல, இது அந்த அசல வச்சி எடுத்ததுதான், இவ்வளவும் நாங்க காட்டணும். நோட்டீஸ் குடுத்துட்டோம். அப்படி ஒரு காயிதமே இல்லன்னு பதில் போட்டுட்டாரு. எழுதுனவரு செத்துட்டாரு. சாட்சிக் கையெழுத்து போட்ட ரெண்டு பேரும் அவரு ஆளுங்க, வாயத் தொறக்கல. அஞ்சலை சொல்றத மட்டும் வச்சி ஒண்ணும் பண்ண முடியாது. ரெண்டு பக்கமும் சேராத ஆளு அசலக் கண்ணால பாத்தது நீங்க ஒருத்தர்தான்" என்றார். எனக்கு அந்த மத்தியானம் முழுக்க ஞாபகம் இருந்தது. "வர்றேம்மா, பாத்தத சொல்றதுக்கு இன்னா இருக்குது" என்றேன். அப்படிச் சொல்லும்போது நான் பொய் சொல்லவில்லை.

சம்மன் வந்த அன்று வீட்டில் உன் பழைய கணக்குத் தாள்களைக் கட்டி வைத்திருந்த மூட்டையை அவிழ்த்துத் தேடினேன். கிடைத்தது. வெட்டுப்பட்ட அந்த முதல் காப்பி. பின்பக்கத்தில் நீ எட்டாவதில் போட்ட இயற்கணிதம், மேலே தேதி. அதை எடுத்துத் தனியாக வைத்தேன். வக்கீலம்மாவிடம் கொடுத்தால் சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். மறுநாள் காலையில் தண்டபாணி கடைக்கு வந்தார்.

அவர் மிரட்டியிருந்தால் நான் போலீசுக்குப் போயிருப்பேன். அவர் மிரட்டவில்லை. கடைக்குள் வந்து அப்பாவின் படத்தைப் பார்த்துக் கும்பிட்டார். ஒரு காப்பி எடுக்க ஆதார் கார்டை நீட்டினார். எடுத்துக்கொண்டிருக்கும்போதே பேசினார். "தம்பிக்கு சிதம்பரத்துல எடம் கெடச்சிருக்குதாமே. ஆஸ்டலுக்குக் கட்டுறது கஷ்டம்னு சொன்னாங்க. தெனம் பஸ்ஸுல போயிட்டு வர்றதுன்னா புள்ள ஒடம்பு இன்னாத்துக்கு ஆவும்? கோயிலுக்குப் பக்கத்துல நம்ம வூடு ஒண்ணு இருக்குது. மாடி ரூமு சும்மாத்தான் கெடக்குது. தம்பி வந்து தங்கிப் படிக்கட்டும்." நான் காப்பியை நீட்டினேன். அவர் காப்பியை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, "ஒங்கள நான் பொய் சொல்லச் சொல்லலம்மா. தெனம் ஆயிரம் காயிதம் எடுக்குறீங்க. அஞ்சு வருசத்துக்கு முன்னாடி எடுத்தது யாருக்கு ஞாபகம் இருக்கும்? ஞாபகம் இல்லன்னு சொல்றது தப்பா?" என்றார்.

எத்தனையோ தடவை அந்த இடத்தில் என்னை நிறுத்திப் பார்த்திருக்கிறேன். அறை வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். யோசித்துச் சொல்கிறேன் என்றாவது சொல்லியிருக்கலாம். நான் கேட்டது என்ன தெரியுமா? "ரூமுல தண்ணி வசதி இருக்குதுங்களா?" இதுதான் என் வாயிலிருந்து வந்தது. அந்தக் கேள்வியிலேயே எல்லாம் முடிந்துவிட்டது. உனக்காகச் செய்தேன் என்று எழுதினால் பழியை உன் தலையில் வைத்ததாகிவிடும். நீ என்னிடம் அறை கேட்கவில்லை. பஸ்ஸில் போய் வருகிறேன் என்றுதான் சொன்னாய். உன்னைச் சிரமப்படாமல் படிக்க வைத்தவள் என்று நாலு பேர் சொல்ல வேண்டும் என்ற ஆசை எனக்கு இருந்தது.

சாட்சிக் கூண்டில் ஏறினேன். உண்மையைத் தவிர வேறெதுவும் சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்தேன். வக்கீலம்மா காப்பியைக் காட்டி, இது உங்கள் கடையில் எடுத்ததுதானே என்றார். "இருக்கலாம், ஞாபகம் இல்லைங்க" என்றேன். அவர் முகம் மாறியது. அசலை யார் கொண்டுவந்தார்கள் என்றார். ஞாபகம் இல்லை. முதல் காப்பியில் கையெழுத்து விழவில்லை என்று பிரதிவாதி சொன்னாரா என்றார். அதை அஞ்சலை சொல்லித்தான் அவர் தெரிந்துகொண்டிருக்க வேண்டும். அதற்கும் ஞாபகம் இல்லை என்றேன். நீதிபதி பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "நல்லா யோசிச்சி சொல்லுங்கம்மா, அவசரமில்ல" என்றார். அவர் அப்படிச் சொன்னது நான் திரும்பி வருவதற்காகத் திறந்துவிட்ட வழி. நான் நிமிர்ந்து பார்க்காமல், "யோசிச்சிட்டேங்க, ஞாபகம் இல்ல" என்றேன். கூண்டை விட்டு இறங்கும்போது பெஞ்சில் அஞ்சலை உட்கார்ந்திருந்தாள். பதினோராவது படிக்கும் மகளை யூனிஃபார்மோடு கூட்டிவந்திருந்தாள். அந்தப் பெண் என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

அசலில் இருந்து எடுத்தது என்று நிரூபிக்கவில்லை, எனவே நகலைச் சாட்சியமாக ஏற்க முடியாது என்று தீர்ப்பு வந்தது. கேஸ் தள்ளுபடி. நீ அந்த வாரம்தான் பெட்டி படுக்கையோடு சிதம்பரம் போனாய். மாடி அறைக்கு நான்தான் வந்து பாய் விரித்துவிட்டுப் போனேன். ஜன்னல் வழியாகக் கோபுரம் தெரிந்தது. "சூப்பரா இருக்கும்மா" என்றாய்.

நீ மூன்றாம் வருடம் படிக்கும்போது உன்னைப் பார்த்துவிட்டுத் திரும்புகையில், சிதம்பரம் பஸ் ஸ்டாண்டில் பலாச்சுளை விற்கும் ஒரு பொம்பளையிடம் போய் நின்றேன். சுளையை எடுத்துக் காகிதத்தில் வைத்த பிறகுதான் முகத்தைப் பார்த்தேன். அஞ்சலை. சொந்த மரம் போன பிறகு, பண்ருட்டி மண்டியில் பழம் எடுத்து பஸ்ஸில் கொண்டுவந்து இங்கே அறுத்து விற்றுக்கொண்டிருந்தாள். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் கையில் எண்ணெய் தடவிக்கொண்டே, சாதாரணமாக, "இப்பவாச்சும் ஞாபகம் வந்துச்சாக்கா?" என்றாள். நான் பொட்டலத்தை அங்கேயே வைத்துவிட்டு ஓடிப்போய்க் கிடைத்த பஸ்ஸில் ஏறினேன். விருத்தாசலம் போகும் பஸ். கண்டக்டர் டிக்கெட் கேட்டபோதுதான் தெரிந்தது. பாதியில் இறங்கி வேறு பஸ் மாறி வீட்டுக்கு வந்தேன்.

அதற்குப் பிறகாவது போயிருக்க வேண்டும். அவள் அப்பீல் போட்டிருப்பது எனக்குத் தெரியும். அப்பீலுக்குக் காப்பி எடுக்க அவள் வந்ததே என் பக்கத்துக் கடைக்குத்தான், என் கடைக்கு வரவில்லை. வருடக்கணக்கில் அந்தக் கேஸ் வாய்தா மேல் வாய்தாவாக ஓடியது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவள் கோர்ட்டு வாசலில் வந்து நிற்பதைக் கடைக்குள் இருந்து பார்ப்பேன். உன் படிப்பு முடியட்டும் என்று முதலில் இருந்தேன். பிறகு வேலை கிடைக்கட்டும் என்றேன். பிறகு கல்யாணம் ஆகட்டும் என்றேன். அந்த வெட்டுப்பட்ட தாள் அவ்வளவு நாளும் டிரங்குப் பெட்டியின் அடியில் இருந்தது. கிழித்துப் போட எத்தனையோ முறை எடுத்தேன். பின்பக்கத்தில் உன் எழுத்து. x-க்கு மேலே நீ போடும் கொக்கி. கை வரவில்லை. அது நல்ல புத்தி இல்லை செந்தில், பிள்ளைப் பாசம், அவ்வளவுதான். உன் எழுத்து இல்லாமல் இருந்திருந்தால் அன்றைக்கே அடுப்பில் போட்டிருப்பேன்.

அப்பா இடத்தில் அவர் உட்கார வேண்டும் என்று நீ சொன்ன பிறகு என்னால் முடியவில்லை. உங்கள் அப்பா ஒன்றும் மகான் இல்லை, கோபக்காரர். ஆனால் கேஸுக்கு வரும் கட்சிக்காரர்கள் கடையில் கொடுத்துவிட்டுப் போகும் காகிதத்தைப் படித்துக்கூடப் பார்க்க மாட்டார். அடுத்தவர் சங்கதி என்று கவிழ்த்து வைப்பார். அந்த மனிதர் இடத்தில் இவர். நடுவில் நான் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு. நீ ஊருக்குப் போன நாலாம் நாள் அந்தத் தாளை எடுத்துக்கொண்டு வக்கீலம்மாவின் ஆபீசுக்குப் போனேன். அவர் தலை நரைத்திருந்தது. தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு, "அப்பீல்ல புது சாட்சியம் லேசுல வுட மாட்டாங்க. மனு போட்டுப் பாக்கலாம். ஆனா நீங்க அன்னைக்கு சொன்னது பொய்யின்னு எழுதிக் கையெழுத்துப் போடணும். ஒங்க மேலயே நடவடிக்கை வரலாம். பையன் கல்யாணம் வருதுன்னு சொல்றீங்க. வூட்டுக்குப் போயி யோசிச்சிட்டு வாங்க" என்றார். "யோசிக்கப் போனா வர மாட்டேம்மா, இப்பவே எழுதுங்க" என்றேன்.

ஆனியில் மனு போட்டார்கள். எதிர்ப்பு வாதம் எல்லாம் நடந்து, மனுவை ஏற்றுக்கொண்டார்கள். புரட்டாசியில் மறுபடியும் கூண்டில் ஏறினேன். இத்தனை மாதம் இதை உன்னிடம் மறைத்ததும் ஒரு தப்புதான். நீ வேண்டாம் என்று சொல்லிவிட்டால் நின்றுவிடுவேனோ என்று பயந்தேன். அன்று ஏன் பொய் சொன்னீர்கள் என்று வக்கீலம்மா கேட்டார். "எம்பையனுக்கு சிதம்பரத்துல தங்க ரூமு தர்றேன்னாரு" என்றேன். பையன் பெயர் என்ன என்று நீதிபதி கேட்டார். சொன்னேன். தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண் உன் பெயருக்கு எழுத்துக் கேட்டாள். எழுத்து எழுத்தாகச் சொன்னேன். அந்த நிமிடம் எனக்கு வந்த வெட்கத்தை எழுத எனக்குத் தெரியவில்லை. உனக்கு நானும் அப்பாவும் ஆசையாக வைத்த பெயர் அது.

தண்டபாணியின் வக்கீல் எழுந்தார். "அன்னைக்கும் சத்தியம் பண்ணீங்க. அது பொய்யின்னு இன்னைக்கு சொல்றீங்க. அப்ப இன்னைக்குப் பண்ண சத்தியம் மட்டும் எப்படிம்மா உண்மை?" என்றார். கோர்ட்டில் இரண்டு பேர் சிரித்தார்கள். நியாயமான கேள்விதானே? எனக்குக் கோபம் வரவில்லை. "என்ன நம்ப வேணாங்க. அந்தத் தாளப் பாருங்க" என்றேன். தாள் நீதிபதியின் மேஜைக்குப் போனது. முன்பக்கம் கூர்சீட்டு, கையெழுத்தின் மேல் பாதி. பின்பக்கம் எட்டாம் வகுப்புப் பையன் பேனாவில் போட்ட கணக்கு, பென்சிலில் சார் போட்ட டிக், தேதி. கேஸ் போடுவதற்கு ரொம்ப முந்தின தேதி. கேஸுக்காகப் பின்னால் ஜோடித்த காகிதம் என்று அதுவரை சொல்லிக்கொண்டிருந்தவர்கள் அதற்குப் பிறகு அதைச் சொல்லவில்லை. தண்டபாணி தலையைக் குனிந்துகொண்டு கைக்குட்டையால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

போன வாரம் தீர்ப்பு வந்தது. அசல் பிரதிவாதியிடம் இருந்திருக்கிறது, கேட்டும் தாக்கல் செய்யவில்லை, ஆகவே நகலை ஏற்றுக்கொள்ளலாம், மேற்குப் பக்கத்து ஒரு ஏக்கர் அஞ்சலைக்கும் அவள் மகளுக்கும் உரியது என்று வந்திருக்கிறது. தண்டபாணி மேலே போவாரா என்று தெரியாது. அதே தீர்ப்பில் என்னைப் பற்றியும் இரண்டு பாரா இருக்கிறது. இந்தச் சாட்சி முன்பு தெரிந்தே பொய் சொல்லியிருக்கிறார் என்று எழுதியிருக்கிறார்கள். என் மேல் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று விளக்கம் கேட்டு நோட்டீஸ் வரும் என்கிறார் வக்கீலம்மா. வரட்டும். அந்த இரண்டு பாராவையும் என் கடை மிஷினிலேயே காப்பி எடுத்து இதனுடன் வைத்திருக்கிறேன். படி. அம்மாவைப் பற்றி எழுதியிருப்பதில் ஒரு வார்த்தைகூட அதிகம் இல்லை.

தீர்ப்பு அன்று அஞ்சலையிடம் போனேன். வராந்தாவில் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். அழவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. "மன்னிச்சிடு அஞ்சலை" என்றேன். அவள் கொஞ்ச நேரம் என் கையைப் பார்த்தாள். "எடம் வந்துடுச்சுக்கா. அதுக்கு நீங்க வந்து சொன்னதும் ஒரு காரணம், இல்லேங்கல. ஆனா அந்த வருசம் எம்பொண்ணு பதினோராவதோட நின்னுட்டா. அவளும் படிக்கிற புள்ளதான். அத எந்தக் கோர்ட்டு தரும்? மன்னிச்சேன்னு சொல்ல எனக்கு வாயி வர்ல. சும்மா வாயி வார்த்தைக்கு சொல்லவும் புடிக்கல. நீங்க போங்க" என்றாள். நான் நின்றுகொண்டே இருந்தேன். "போங்கக்கா, வெயிலு ஜாஸ்தியாவுது" என்றாள். அதில் கோபம்கூட இல்லை. அதுதான் இன்னும் தாங்க முடியவில்லை. நீயும் அந்தப் பெண்ணும் கிட்டத்தட்ட ஒரு வயசு. நீ முதல் வருடம் சேர்ந்த அதே ஆனி மாதத்தில் அவள் முந்திரிக் கொட்டை உடைக்கப் போயிருக்கிறாள்.

கல்யாணத்துக்கு முன்னால் பிள்ளைக்குப் புத்தி சொல்லி எழுதுவது பெற்றவர்கள் வழக்கம். எனக்கு அந்த யோக்கியதை இல்லை, ஆனாலும் இரண்டு சொல்கிறேன். நீயும் நிவேதாவும் எதில் கையெழுத்துப் போட்டாலும், சொந்தக்காரர்தானே என்று காப்பியோடு திருப்திப்படாதீர்கள். உங்களுக்கும் ஒரு அசல் கேட்டு வாங்குங்கள், பதிவு செய்ய வேண்டியதைப் பதிவு செய்யுங்கள். கேட்பதால் பாசம் குறைந்துவிடாது. இன்னொன்று, யாராவது உனக்கு ஒரு நல்லது செய்ய வரும்போது நன்றி சொல்வதற்கு முன்னால் ஒரு நிமிடம் நின்று, இதனால் வேறு யாருக்காவது ஏதாவது பறிபோகிறதா என்று கேள். நான் தண்ணீர் வசதியைக் கேட்டேன். இதைக் கேட்கவில்லை.

தண்டபாணி மாமாவிடம் நீ எப்படி நடந்துகொள்வாயோ அது உன் விருப்பம். உன்னிடம் அவர் காட்டிய பிரியம் அத்தனையும் பொய் என்று நான் சொல்ல மாட்டேன். உனக்குக் காய்ச்சல் வந்தபோது அவர் மனைவி கஞ்சி வைத்துக் கொடுத்தது உண்மைதான். போய்ப் பார்க்க வேண்டும் என்று தோன்றினால் பார். ஆனால் அப்பா இடத்தில் அவர் வேண்டாம். அதை மட்டும் நான் கேட்டுக்கொள்கிறேன், உரிமையாக இல்லை, கெஞ்சித்தான். நிவேதாவிடம் இதை நீயே சொல்லிவிடு, தாலி கட்டுவதற்கு முன்னால் சொல்லிவிடு. எந்த வீட்டுக்கு வருகிறோம் என்று அந்தப் பெண்ணுக்குத் தெரிய வேண்டும். அவர்கள் வீட்டில் இதைக் கேட்டுவிட்டு வேண்டாம் என்று சொன்னால், அந்தக் குற்றமும் என்னுடையதுதான். உன்னுடையது இல்லை.

பத்திரிகை வாசகத்தை அச்சாபீசுக்காரர் நேற்று மாதிரி அடித்துக் கொண்டுவந்து கொடுத்தார். திருத்தம் இருந்தால் போடச் சொன்னார். மேலே அப்பா பெயரும், அதன் கீழே அழைப்பவர் என்று என் பெயரும் இருக்கின்றன. இந்த மாதக் கடைசி வரைக்கும் நேரம் இருக்கிறது. என் பெயர் அதில் இருக்கலாமா என்று நீயும் நிவேதாவும் பேசிச் சொல்லுங்கள். அதுவரை நான் அச்சுக்குக் கொடுக்க மாட்டேன்.

அம்மா